ஆறு கேள்விக்குறிகள்

அக்கா மகன் அகிலனிடமிருந்து எனக்குப் போன் வந்தால் ஒன்று ரீசார்ஜ், இல்லையென்றால் கணினி. ஆயுத பூஜைக்குப் பத்து நாள் இருக்கும்போது வந்தது இரண்டாவது ரகம். "மாமா, கேம் ஓபன் ஆகல." அவ்வளவுதான், மேற்கொண்டு ஒரு வார்த்தை கிடையாது.

"பஸ் வரல" என்று யாராவது சொன்னால் நமக்கு என்ன புரியும்? டிப்போவிலிருந்தே வண்டியை எடுக்கவில்லையா, நடுவழியில் டயர் வெடித்து நிற்கிறதா, வந்த வண்டி நிறுத்தத்தில் நிற்காமல் போய்விட்டதா. மூன்றும் "பஸ் வரல"தான், ஆனால் மூன்றுக்கும் போய் விசாரிக்க வேண்டிய இடம் வேறு வேறு. விளையாட்டும் அப்படித்தான். ஐகானைத் தட்டினால் ஒன்றுமே அசையாதது ஒன்று, லோடிங் கோடு பாதிவரை ஓடி உறைந்து நிற்பது ஒன்று, திரை கருப்பாகி ஒரு நொடியில் மூடிக்கொண்டு டெஸ்க்டாப்பைக் காட்டுவது இன்னொன்று. இதில் எது என்று கேட்டேன். "ஓபன் ஆகலன்னா ஓபன் ஆகல மாமா" என்றான், கொஞ்சம் கோபமாகவே.

என்னிடம் வருவதற்கு முன்னாலேயே நம் ஊரின் சர்வரோக நிவாரணியை அவன் செய்து முடித்திருந்தான். அழித்துவிட்டு மறுபடி இன்ஸ்டால். அது ஒரு கார் பந்தய விளையாட்டு, 38 ஜிபி. மூன்று முறை அழித்து மூன்று முறை இறக்கியிருக்கிறான், ஆக 114 ஜிபி. திண்டுக்கல்லில் அவர்கள் வீட்டு இணைப்பு ராத்திரி பதினொரு மணிக்கு மேல்தான் ஒழுங்காக ஓடும் என்பதால் மூன்று இரவு கணினி அணையவே இல்லை, அக்காவுக்கு அதில் தனிக் கோபம். அதுவும் பலிக்காமல் மச்சான் கணினியைத் தூக்கிக்கொண்டு போய் ஒரு கடையில் 600 ரூபாய் கொடுத்து ஃபார்மட் செய்துவந்திருக்கிறார். அதற்குப் பிறகும் ஓபன் ஆகவில்லை. அப்புறம்தான் மாமா ஞாபகம் வந்திருக்கிறது.

இந்த மறுபடி இன்ஸ்டால் விஷயத்தில் எனக்குப் பழைய கடுப்பு உண்டு. இறக்கிய கோப்பில் ஏதாவது கெட்டுப்போயிருந்தால் அதைச் சரிபார்க்க, விளையாட்டை வாங்கி இறக்குகிற ஸ்டீம் செயலியிலேயே வழி இருக்கிறது, விளையாட்டின் மேல் வலது கிளிக் செய்து ப்ராப்பர்ட்டீஸ், அதில் இன்ஸ்டால்டு ஃபைல்ஸ், அதில் வெரிஃபை. கெட்டுப்போன துண்டுகளை மட்டும் இறக்கும், 38 ஜிபிக்குப் பதில் பல நேரம் சில நூறு எம்பியில் வேலை முடியும். கோப்பு கெடவில்லை, செட்டிங்ஸ்தான் கெட்டிருக்கிறது என்றால் இன்னும் வேடிக்கை. விளையாட்டை அழித்தாலும் அதன் செட்டிங்ஸ் கோப்பு பெரும்பாலும் டாக்குமென்ட்ஸிலோ ஆப்டேட்டாவிலோ அசையாமல் உட்கார்ந்திருக்கும். திரும்ப இன்ஸ்டால் செய்தால் புது விளையாட்டு வந்து அதே பழைய செட்டிங்ஸைத்தான் படிக்கும், அதே இடத்தில் விழும். வீட்டை இடித்துக் கட்டிவிட்டு அதே கரையான் பிடித்த கதவை மாட்டுகிற கதை. அந்த செட்டிங்ஸ் ஃபோல்டரின் பெயரைச் சும்மா மாற்றிப் பார்ப்பது பத்து நொடி வேலை, ஓடினால் சரி, ஓடவில்லையென்றால் பழைய பெயரையே திரும்ப வைத்துவிடலாம்.

இவை இரண்டையும் போனிலேயே செய்யச் சொன்னேன். கோப்புகள் எல்லாம் நன்றாக இருக்கிறது என்று வந்தது. செட்டிங்ஸ் ஃபோல்டரைத் தேடச் சொன்னால் அப்படி ஒன்று இல்லவே இல்லை என்றான். நான் அதைக் கவனித்திருக்க வேண்டும். ஒழுங்காகத் தேடியிருக்க மாட்டான் என்று நினைத்து விட்டுவிட்டேன்.

ஊருக்குப் போய்ச் சேர்ந்தது ஆயுத பூஜை அன்று மாலை. கணினியின் நெற்றியில் மூன்று பட்டை விபூதி, நடுவில் சந்தனம் குங்குமம், பவர் பட்டனுக்கு மேல் ஒரு சாமந்திப் பூ. பக்கத்தில் மச்சானின் கடைத் தராசு, அகிலனின் சைக்கிள் சாவி, அக்காவின் தையல் மெஷின் எல்லாம் வரிசையாக. நான் பூவை எடுத்துவிட்டு பட்டனில் கை வைக்கப் போனேன், அக்கா அடுக்களையிலிருந்தே பார்த்துவிட்டாள். "டேய், பூஜைல வச்சத நாளைக்குக் காலைல வரை தொடக்கூடாது, தெரியாதா உனக்கு?" தெரியும்தான்.

வேறு வழியில்லாமல் மொட்டை மாடியில் உட்கார்ந்து பொரி தின்றுகொண்டே அவனை வாய்மொழியாக விசாரித்தேன். சொல்லப்போனால் அதுதான் நல்லதாகப் போயிற்று. கணினி முன்னால் உட்கார்ந்தால் கை சும்மா இருக்காது, எதையாவது தட்டும், இரண்டு விஷயத்தை ஒரே நேரத்தில் மாற்றிவிடும், பிறகு எதனால் சரியாயிற்று என்றே தெரியாது. தட்டினால் என்ன ஆகிறது? திரை கருப்பாக வந்து போகிறது. எவ்வளவு நேரம்? கண்ணை இரண்டு தடவை சிமிட்டுகிற நேரம். ஏதாவது பெட்டி வருகிறதா, எழுத்து வருகிறதா? இல்லை. இதே விளையாட்டு வேறு யாரிடமாவது ஓடுகிறதா? பக்கத்துத் தெருப் பையன் வீட்டில் ஓடுகிறது, அவன் கணினி இதைவிடப் பழசு. உன் கணினியில் ஒரு நாளாவது ஓடியிருக்கிறதா?

கொஞ்சம் யோசித்தான். "கடைல ஓடுச்சு மாமா. ஃபார்மட் பண்ணிட்டு கேமையும் போட்டு, ஓட்டிக் காட்டித்தான் குடுத்தாங்க. வீட்டுக்கு வந்ததும் ஓடல. போன் பண்ணிக் கேட்டா, இங்க ஓடுச்சே தம்பி, உங்க வீட்டு கரண்ட்டு சரியில்லன்னு சொல்லிட்டாங்க."

கடையில் ஓடியது, வீட்டில் ஓடவில்லை. கிராபிக்ஸ் கார்டு அதே, ராம் அதே, கோப்புகள் அதே. கடைக்கும் வீட்டுக்கும் நடுவில் எதையோ மாற்றியிருக்கிறார்கள். என்ன மாற்றினாய் என்று கேட்டால் "ஒண்ணுமே மாத்தல" என்கிறான். எல்லோரும் இதைத்தான் சொல்வார்கள், யாரும் பொய் சொல்வதில்லை, தாங்கள் மாற்றியதை மாற்றம் என்று நினைப்பதில்லை, அவ்வளவுதான்.

இதற்குள் மாமா வந்திருக்கிற செய்தி அவனுடைய வாட்ஸப் குழுவுக்குப் போய்விட்டது. மாடியிலேயே ஒரு சின்ன கிளினிக் திறந்தாயிற்று.

முதலில் வந்தது நமக்கெல்லாம் பழக்கமான ஒரு பிழை எண், 0எக்ஸ்சி000007பி. பஸ் நம்பர் மாதிரி கடைசியில் 7பி என்று முடியுமே, அதுவேதான். 64 பிட் நிரல் ஒன்று தனக்கு வேண்டிய டிஎல்எல் என்கிற துணைக் கோப்பைத் தேடிப்போய் அதே பெயரில் 32 பிட் கோப்பைக் கண்டு திகைத்து நிற்பது, அல்லது இதற்கு நேர் எதிர். எப்படி வந்தது என்று கேட்டால் எப்போதும் ஒரே கதை. முதலில் ஏதோ ஒரு டிஎல்எல் இல்லை என்று பிழை வந்திருக்கும், அந்தப் பெயரைத் தேடினால் இலவசமாகத் தருகிறேன் என்று ஒரு தளம் வரும், இறக்கி சிஸ்டம்32 ஃபோல்டரில் ஒட்டியிருப்பார்கள். இங்கே ஒரு பொறி இருக்கிறது. 64 பிட் விண்டோஸில் சிஸ்டம்32 என்ற ஃபோல்டரில் இருப்பவை 64 பிட் கோப்புகள், சிஸ்வாவ்64 என்ற ஃபோல்டரில் இருப்பவைதான் 32 பிட். தலைகீழ்தான். சிஸ்டம்32 என்ற பெயரை ஏராளமான நிரல்கள் நேரடியாக எழுதி வைத்திருந்ததால் 64 பிட் வந்தபோதும் அந்தப் பெயரை மாற்றாமல் விட்டுவிட்டார்கள். ஆகவே 32 என்று பெயர் பார்த்து 32 பிட் கோப்பைப் போடுகிறவன் மாட்டிக்கொள்வான். அந்தப் பையனை ஒட்டியதை அழித்துவிட்டு, மைக்ரோசாஃப்ட் தளத்திலிருந்தே விஷுவல் சி++ தொகுப்பை எக்ஸ்86 (32 பிட்), எக்ஸ்64 (64 பிட்) இரண்டையும் போடச் சொன்னேன். விளையாட்டு 64 பிட்தானே, ஒன்று போதாதா என்று கேட்டான். லாஞ்சர் 32 பிட்டாக இருக்கலாம் தம்பி, இரண்டையும் போடு.

டி3டிஎக்ஸ்9_43.டிஎல்எல் இல்லை என்று அழுகிற கேஸும் ஒன்று வந்தது. "என் கணினியில் டைரக்ட்எக்ஸ் 12 இருக்கே, 9 எதுக்கு?" என்பது அவன் கேள்வி, நியாயமான கேள்விதான். விளையாட்டுகள் திரையில் படம் வரைய நம்பியிருக்கிற விண்டோஸ் தொகுதிதான் டைரக்ட்எக்ஸ். 12 இருந்தாலும் பழைய 9 காலத்து துணைக் கோப்புகள் விண்டோஸோடு வருவதில்லை. அவற்றைத் தனியாகத்தான் போட வேண்டும், 2010 ஜூன் தொகுப்பு என்றே அதற்குப் பெயர், அந்த வரிசையில் 43தான் கடைசி எண். பதினைந்து வருஷத்துக்கு முந்தைய ஒரு தொகுப்பை இன்றைக்கும் புதுக் கணினியில் போட வேண்டியிருப்பது எனக்கு ஒரு விதத்தில் பிடித்திருக்கிறது, ஏன் என்று கேட்காதீர்கள்.

இன்னொருவன் அவன் அப்பா 2003 வாக்கில் காசு கொடுத்து வாங்கிய ஒரிஜினல் சிடியின் படத்தை அனுப்பியிருந்தான். டிரைவில் போட்டால் சுழல்கிறது, விளையாட்டு மட்டும் வருவதில்லை. அதற்கு மருந்து இல்லை. அந்தக் காலத்து சிடி பல, சேஃப்டிஸ்க் என்ற திருட்டுத் தடுப்பை நம்பியவை, அது விண்டோஸின் அடிமட்டத்தில் ஒரு டிரைவரைப் போட்டு வைக்கும். அந்த டிரைவரில் பாதுகாப்பு ஓட்டை இருந்ததால் 2015இல் வந்த விண்டோஸ் 10இல் அதை ஏற்றவே விடவில்லை, அதே வருஷம் செப்டம்பரில் பழைய விண்டோஸ்களிலும் அப்டேட் மூலம் அணைத்துவிட்டார்கள். விளைவு என்னவென்றால், அன்றைக்கு பர்மா பஜாரில் 50 ரூபாய்க்குத் திருட்டு சிடி வாங்கியவனுடையது, பூட்டை உடைத்த பிரதி என்பதால், இன்றைக்கும் ஓடக்கூடும். நேர்மையாக முழு விலை கொடுத்தவருடையது ஓடாது. அதே விளையாட்டு இணையக் கடைகளில் பூட்டு இல்லாமல் மலிவாக வந்திருக்கிறதா பார்க்கச் சொல்லி அனுப்பினேன்.

பிழை எண் 1டி என்று முடிந்தால் மட்டும் நான் மேற்கொண்டு எதையும் முயலச் சொல்வதில்லை. ப்ராசசருக்குத் தெரியாத ஒரு கட்டளையை விளையாட்டு கொடுத்திருக்கிறது என்று அர்த்தம். பெரும்பாலும் ஏவிஎக்ஸ் என்கிற கட்டளைத் தொகுதி. 2011இலிருந்தே இன்டெலின் கோர் வரிசையில் அது இருக்கிறது, ஆனால் விலை குறைந்த பென்டியம், செலரான் வகைகளில் அதற்கு அப்புறமும் பல வருஷம் கொடுக்காமலே விற்றார்கள். பட்ஜெட்டில் அசெம்பிள் செய்த கணினிகளில் இதை நிறையப் பார்க்கலாம். நூறு முறை இன்ஸ்டால் செய்தாலும் சிலிக்கானில் இல்லாதது வராது.

பிழைச் செய்தி சொல்வதை அப்படியே நம்பவும் முடியாது. 2023, 2024இல் பலருக்கு அன்ரியல் எஞ்சின் என்கிற விளையாட்டு உருவாக்கும் மென்பொருளில் செய்த விளையாட்டுகள் திறக்கும்போதே வீடியோ நினைவகம் போதவில்லை என்று சொல்லி விழுந்தன. 24 ஜிபி நினைவகம் உள்ள கார்டு வைத்திருந்தவர்களுக்கும் அதே செய்தி. கார்டை மாற்றிப் பார்த்தார்கள், டிரைவரை மாற்றிப் பார்த்தார்கள். கடைசியில் குற்றவாளி கார்டே இல்லை, ப்ராசசர். இன்டெலின் 13, 14ஆம் தலைமுறை உயர்ரகச் சில்லுகள் அளவுக்கு மீறிய வோல்டேஜால் நிலைகுலைந்து, ஷேடர் என்கிற வரைகலை நிரல்களைத் தொகுக்கிற கனமான வேலையில் தப்பும் தவறுமாகக் கணக்குப் போட்டிருக்கின்றன. இன்டெலே அதை ஒப்புக்கொண்டு 2024 ஆகஸ்டில் ப்ராசசரின் உள் நிரலுக்கு (மைக்ரோகோடு) திருத்தம் கொடுத்தது, வாரன்டியையும் இரண்டு வருஷம் நீட்டித்தது.

கடைசியாக ஒருவனுக்கு விளையாட்டு திறக்கிறது, ஆனால் லாகின் ஆக மறுக்கிறது. ஸ்கிரீன்ஷாட்டின் கீழ் மூலையைப் பெரிதாக்கிப் பார்த்தேன், தேதி 2019 ஜனவரி 1. மதர்போர்டில் இருக்கிற காசு மாதிரிப் பேட்டரி செத்துவிட்டது, மெயின் ஸ்விட்சை அணைக்கிற ஒவ்வொரு தடவையும் கணினி பழைய காலத்துக்குப் போய்விடுகிறது, சர்வரின் சான்றிதழ் அதற்கு இன்னும் பிறக்காத குழந்தை. சிஆர்2032 என்று கேட்டு வாங்கு, வாட்ச் கடையிலேயே கிடைக்கும். அத்தோடு கிளினிக்கை மூடினோம், கொசு தாங்கவில்லை.

விஜயதசமி காலை, கணினிக்குக் கற்பூரம் காட்டி முடித்ததும் உட்கார்ந்தேன்.

முதலில் ஈவென்ட் வியூவர். ஸ்டார்ட்டில் அந்தப் பெயரைத் தட்டினால் வரும், அதில் விண்டோஸ் லாக்ஸ், அப்ளிகேஷன். ஒரு நிரல் அடிபட்டு விழுந்தால் அங்கே அப்ளிகேஷன் எரர் என்று 1000ஆம் எண்ணில் ஒரு பதிவு விழும். அதில் ஃபால்ட்டிங் மாட்யூல் நேம் என்கிற வரியைத்தான் முதலில் பார்க்க வேண்டும், எந்தக் கோப்புக்குள் உயிர் போயிற்று என்று அது சொல்லும். என்வி என்று தொடங்குகிற பெயராக இருந்தால் என்விடியா டிரைவர் பக்கம் போகலாம், விளையாட்டின் பெயரே இருந்தால் விளையாட்டு, என்டிடிஎல்எல் என்று இருந்தால் ஒன்றும் சொல்வதற்கில்லை, எங்கெங்கோ அடிபட்டதெல்லாம் கடைசியில் அங்கே வந்துதான் விழும்.

அகிலன் கணினியில் பதிவே இல்லை. நானே ஐகானைத் தட்டினேன், திரை கருப்பாகி மூடியது, மறுபடி போய்ப் பார்த்தேன், இல்லை. அவன் முகம் தொங்கிவிட்டது, எனக்கு மட்டும் கொஞ்சம் உற்சாகம் வந்தது. விழுந்திருந்தால் பதிவாகியிருக்கும். பதிவில்லை என்றால் அது விழவில்லை, தானாகவே எழுந்து வெளியே போயிருக்கிறது. எதையோ தேடிப் பார்த்து, அது கிடைக்காமல், "சரி, நமக்கு இங்கே வேலையில்லை" என்று கதவைச் சாத்திக்கொண்டு போயிருக்கிறது. அப்படிப் போகிறவர்கள் சில சமயம் சீட்டு எழுதி வைத்துவிட்டுப் போவார்கள்.

விளையாட்டு இருந்தது டி டிரைவில். அந்த ஃபோல்டரைத் திறந்து, தேதிப்படி வரிசைப்படுத்தினேன். மேலே வந்து நின்றது 1 கேபி அளவில் ஒரு லாக் கோப்பு, நேரம் இரண்டு நிமிஷத்துக்கு முன். நோட்பேடில் திறந்தால் ஏழெட்டு வரிதான். கிராபிக்ஸ் கார்டைக் கண்டேன், சத்தம் போடும் கருவியைக் கண்டேன், எல்லாம் சரி என்று எழுதிக்கொண்டே வந்து கடைசிக்கு முந்தின வரியில், சேமிப்பு ஃபோல்டரை உருவாக்க முடியவில்லை, பிழை 123 என்று இருந்தது. அதற்குப் பக்கத்திலேயே எந்த இடத்தில் உருவாக்கப் பார்த்தேன் என்றும் எழுதி வைத்திருந்தது.

சி:\யூசர்ஸ்\??????\டாக்குமென்ட்ஸ்.

விண்டோஸில் ஃபோல்டர் பெயரில் கேள்விக்குறி வைக்க முடியாது, வைத்துப் பாருங்கள், ஒன்பது குறிகளைப் பட்டியல் போட்டு இதெல்லாம் கூடாது என்று சொல்லும், அதில் கேள்விக்குறியும் ஒன்று. பிழை 123 என்றால் பெயரே தப்பு என்று அர்த்தம். அப்படியானால் இந்த ஆறு கேள்விக்குறி எங்கிருந்து வந்தது? சி டிரைவில் யூசர்ஸ் ஃபோல்டரைத் திறந்தேன். கடைக்காரர் வைத்த "யூசர்" என்கிற கணக்கு ஒன்று ஆங்கிலத்தில். அதற்குக் கீழே, அழகாக, தமிழில்: அகிலன்.

"இது எப்ப பண்ணின?"

"கடைலேர்ந்து வந்ததும் மாமா. எப்பவும் அப்படித்தான் வைப்பேன். இந்தக் கம்ப்யூட்டர் வந்தப்பவும் தமிழ்லதான் வச்சேன்."

மாற்றம் என்று அவன் எண்ணாத மாற்றம் இதுதான். ஸ்கூலில் தமிழ்99 விசைப்பலகை கற்றுக்கொண்டதிலிருந்து கண்ணில் படும் பெட்டியிலெல்லாம் தமிழில் பெயர் அடிப்பது அவன் வழக்கம், நானே பாராட்டியிருக்கிறேன்.

அகிலன் என்பது நமக்கு நான்கெழுத்து. கணினி எண்ணினால் ஆறு. அ ஒன்று, க ஒன்று, அதன் மேல் ஏறும் இகரக் குறி தனியாக ஒன்று, ல ஒன்று, ன ஒன்று, அதன் தலையில் புள்ளி ஒன்று. ஆறு கேள்விக்குறிக்கும் கணக்கு சரியாக இருந்தது. அதை அவனுக்கு விரல் விட்டு எண்ணிக் காட்டினேன், அவனும் ஒரு முறை எண்ணிப் பார்த்துக்கொண்டான்.

விஷயம் இதுதான். விண்டோஸ் உள்ளுக்குள் யூனிகோடில்தான் பேசுகிறது, தமிழ்ப் பெயரில் ஃபோல்டர் வைப்பதில் அதற்கு ஒரு சங்கடமும் இல்லை. ஆனால் பழைய நிரல்களுக்காக ஒரு பழைய வாசலையும் திறந்து வைத்திருக்கிறது. அந்த வாசலில் நுழையும் நிரலுக்கு எல்லா எழுத்தையும் கோடு பேஜ் என்கிற ஒரு எழுத்து அட்டவணைக்குள் சுருக்கித்தான் கொடுக்கும். ரஷ்ய மொழிக்கு 1251 என்று ஒரு பேஜ் உண்டு, ஜப்பானிய மொழிக்கு 932 உண்டு, அங்கே உள்ளூர் மொழியில் விண்டோஸை அமைத்துக்கொண்டு சொந்த மொழியில் பெயர் வைத்தவன் பெரும்பாலும் தப்பித்துக்கொள்வான். தமிழுக்கு விண்டோஸில் இந்தப் பழைய வாசலுக்கு உதவுகிற பேஜ் எந்தக் காலத்திலும் இருந்ததில்லை, தமிழ் நேராக யூனிகோடாகத்தான் உள்ளே வந்தது. சுருக்க இடமில்லாத எழுத்தெல்லாம் கேள்விக்குறியாகிவிடும். விளையாட்டை எழுதியவர் அந்தப் பழைய வாசலைப் பயன்படுத்தியிருக்கிறார், தன் கணினியில் சோதித்தபோது அவர் பெயர் ஆங்கிலத்தில் இருந்திருக்கும், ஓடியிருக்கும். செட்டிங்ஸ் ஃபோல்டர் இல்லவே இல்லை என்று அகிலன் போனில் சொன்னானே, அது முழு உண்மை. உருவாகவே இல்லை.

114 ஜிபியும் 600 ரூபாயும் மூன்று ராத்திரியும் இந்த ஆறு எழுத்துக்குப் போயிருக்கிறது. சீட்டு முதல் நாளிலிருந்தே டி டிரைவில் இருந்தது.

காரணம் கிடைத்தால் மருந்து சுலபம் என்று நினைத்தேன். விண்டோஸ் 10இல் 2018 ஏப்ரல் அப்டேட்டிலிருந்து ஒரு வசதி இருக்கிறது. கன்ட்ரோல் பேனலில் ரீஜன், அதில் அட்மினிஸ்ட்ரேட்டிவ், அதில் சிஸ்டம் லோக்கேலை மாற்றுகிற பட்டன், உள்ளே போனால் யூனிகோடின் ஒரு வடிவமான யூடிஎஃப்-8ஐ உலகம் முழுதுக்கும் பயன்படுத்து என்று பீட்டா முத்திரையோடு ஒரு கட்டம். அதை டிக் செய்தால் அந்தப் பழைய வாசலிலும் யூடிஎஃப்-8 போகும். டிக் செய்து, கணினியை அணைத்துப் போட்டு, ஐகானைத் தட்டினேன். கருப்பு வந்தது, நின்றது, அப்புறம் என்ஜின் உறுமுகிற சத்தம். அகிலன் போட்ட கூச்சலில் அக்கா கரண்டியோடு ஓடி வந்தாள்.

அரை மணி நேரம்கூட ஆகவில்லை, மச்சான் கடைக் கணக்குப் பார்க்க உட்கார்ந்தார். "என்னப்பா இது, துவரம் பருப்பைக் காணோம்?"

அவர் பில் போடுகிற மென்பொருள் இருபது வருஷத்துப் பழசு, அதில் சாமான் பெயரெல்லாம் டேப் (TAB) என்கிற பழைய தமிழ் எழுத்துக் குறியீட்டில் இருக்கிறது. 1999இல் தமிழக அரசு தரப்படுத்தியதே, அது. யூனிகோடுக்கு முந்தைய அந்தக் காலத்தில் ஆங்கில எழுத்துகளுக்கு மேல் மிச்சமிருக்கும் இடங்களில் தமிழைத் திணித்துத்தான் எழுதினோம். பழைய வாசல் பழைய மாதிரியே இருக்கும்வரை அது பிழைக்கும். யூடிஎஃப்-8க்கு மாற்றியதும் அந்த பைட்டுகளெல்லாம் செல்லாக் காசு. துவரம் பருப்பு, உளுந்து, கடலை எண்ணெய், எல்லா வரியிலும் கட்டம் கட்டமாக ஏதோ நின்றது. விலை மட்டும் சரியாக இருந்தது. மகன் பெயர் யூனிகோடு, அப்பாவின் பருப்பு டேப், நடுவில் ஒரு டிக். ஒருவருக்குத் தமிழ் வந்தால் மற்றவருக்குப் போய்விடுகிறது. மச்சான் என்னை ஒன்றும் சொல்லவில்லை, பேனாவை எடுத்து நோட்டில் எழுத ஆரம்பித்தார், அது இன்னும் மோசமாக இருந்தது. டிக்கை எடுத்துவிட்டேன்.

மிச்சமிருந்தது ஒரே வழி, ஆங்கிலப் பெயரில் புதுக் கணக்கு. அகிலனுக்கு அது பிடிக்கவில்லை. "பேரை இங்கிலீஷ்ல மாத்தினா போதுமே மாமா, எதுக்குப் புதுசு?" என்றான் முதலில். போதாது. கணக்கின் பெயரை எத்தனை தடவை மாற்றினாலும் யூசர்ஸுக்குள் இருக்கும் ஃபோல்டரின் பெயர் மாறாது, முதல் நாள் என்ன வைத்தாயோ அதுதான் கடைசிவரை. ஃபோல்டரைக் கையால் மாற்றப் போனால் ரெஜிஸ்ட்ரியில் கை வைக்க வேண்டும், கை நழுவினால் கணக்கே திறக்காது, ஒரு விளையாட்டுக்காக நான் அதைச் செய்ய மாட்டேன். "அப்ப லாகின்லயும் இங்கிலீஷ்தானா?" என்று கேட்டுவிட்டு உர்ரென்று உட்கார்ந்துகொண்டான்.

எனக்குமே அது பிடிக்கவில்லை. பையன் சொந்த மொழியில் பெயர் வைத்ததற்குத் தண்டனையா? டீ குடித்துவிட்டு வரும்போது உறைத்தது. பெயரை மாற்றினால் ஃபோல்டர் மாறாது என்று இப்போதுதானே அவனிடம் அடித்துச் சொன்னேன், அதையே நமக்குச் சாதகமாகத் திருப்பினால் என்ன? ஆங்கில எழுத்தில் ஒரு கணக்கைத் தொடங்கினேன், ஒரு முறை உள்ளே போய் வந்தேன், யூசர்ஸில் ஆங்கில ஃபோல்டர் விழுந்துவிட்டது. அதன் பிறகு கன்ட்ரோல் பேனலில் யூசர் அக்கவுன்ட்ஸில் போய் கணக்கின் பெயரைத் தமிழில் அகிலன் என்று மாற்றினேன். லாகின் திரையில் தமிழ், உள்ளே ஃபோல்டர் ஆங்கிலம். பாடப் புத்தகங்களையும் படங்களையும் பழைய கணக்கிலிருந்து நகலெடுத்து முடிக்க மத்தியானம் ஆகிவிட்டது.

விளையாட்டு திறந்தது. முதல் முறை என்பதால் ஓட்டுநரின் பெயர் என்ன என்று கேட்டது. அவன் சும்மா இருப்பானா, விசைப்பலகையைத் தமிழுக்கு மாற்றி டக்டக்கென்று அடித்தான். திரையில் வந்தது ??????.

"அழிச்சிட்டு இங்கிலீஷ்ல அடிடா" என்றேன்.

"வேணாம் மாமா, ஆறும் வந்திருக்கு" என்று எண்ணிப் பார்த்துவிட்டு ஓகே கொடுத்தான். நேற்று ராத்திரி வாட்ஸப்பில் ஒரு படம் அனுப்பியிருந்தான், மலைப்பாதைப் பந்தயத்தின் முடிவுப் பலகை, முதலிடத்தில் ??????, இரண்டாவதில் ஏதோ ஒரு இத்தாலியப் பெயர்.